நடுவில் சுமை

பழைய ஃபோக்ஸ்வாகன் டிரான்ஸ்போர்ட்டர் ஒன்று பட்டறைக்குள் நுழைந்தால், கைதேர்ந்த மெக்கானிக் எஞ்சின் மூடியைத் தொடுவதற்கு முன் தரையைத்தான் பார்ப்பார். மேலே கிடக்கும் பலகையையும் ரப்பர் விரிப்பையும் நீக்கிவிட்டால் அந்த வேன் யாருக்கு உழைத்தது என்பது தெரிந்துவிடும். பேக்கரி வண்டியாக இருந்தால் தகடுகள் சேரும் இடுக்குகளில் மாவு இறுகிக் கிடக்கும். கட்டட வேலைக்குப் போன வண்டியில் சிமெண்டுத் தூள் ஈரத்தைப் பிடித்து வைத்து அடித்தகட்டைத் தின்றிருக்கும். குழாய் வேலைக்காரர் வண்டி என்றால் பக்கச் சுவரெல்லாம் அலமாரி மாட்டிய திருகாணி ஓட்டைகள். மீன் ஏற்றிய வண்டியைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். அதில் தரை மிஞ்சியிருந்தாலே அதிர்ஷ்டம்.

ஜெர்மனியின் ரூர் வட்டாரத்தில் இந்தத் தொழிலைச் செய்துவரும் யாழ்ப்பாணத்துக்காரர் ஒருவர் இருக்கிறார். எண்பதுகளில் அகதியாக வந்து, ஒரு பட்டறையில் எடுபிடியாகச் சேர்ந்து, தொழில் பழகி, பிறகு சொந்தமாக ஒன்று வைத்தவர். பெயர் போட வேண்டாம் என்பது அவருடைய ஒரே நிபந்தனை. வெயில் காலத்தில் பழைய வேனைப் பார்த்துப் படம் எடுக்க வரும் இளைஞர்களிடம் அவர் அலுக்காமல் சொல்வது இதுதான்: "பூப்போட்ட வான் எல்லாம் படத்திலைதான், தம்பி. எனக்கு வந்ததெல்லாம் மாவும் சீமெந்தும்."

அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. இந்த வேனைப் பற்றி எழுதுகிறவர்களில் பாதிப் பேர் அறுபதுகளின் ஹிப்பிகளோடு தொடங்கி அவர்களோடேயே முடித்துவிடுகிறார்கள். ஆனால் வண்டியின் உடம்பை மாற்றியது அவர்கள் அல்ல. கதவு எங்கே திறக்க வேண்டும், பெட்ரோல் டாங்க் எங்கே இருக்க வேண்டும், எஞ்சின் எவ்வளவு உயரம் இருக்கலாம் என்பதையெல்லாம் தீர்மானித்தது சரக்கு. எழுபது ஆண்டுக்கும் மேலான அந்தக் கணக்கு, பழுது பார்க்கிறவரின் கைக்கு நன்றாகவே தெரியும்.

இரண்டாம் உலகப் போர் முடிந்திருந்த நேரம். ஜெர்மனியின் வோல்ஃப்ஸ்பர்க்கில் இருந்த ஃபோக்ஸ்வாகன் ஆலை பிரிட்டிஷ் ராணுவத்தின் பொறுப்பில் இருந்தது. அங்கே மேஜர் ஐவன் ஹர்ஸ்ட் என்ற அதிகாரி பீட்டில் கார் உற்பத்தியை ஓட வைத்துக்கொண்டிருந்தார். ஆலைக்குள் பாகங்களை இடம் மாற்றப் போதிய ஃபோர்க்லிஃப்ட் வண்டிகள் இல்லை. அதனால் பீட்டிலின் அடிச்சட்டத்திலேயே ஒரு தட்டு வண்டியைச் செய்துகொண்டார்கள். முன்னால் வெறும் மேடை, பின்னால் எஞ்சினுக்கு மேல் ஓட்டுநர். பென் போன் என்ற நெதர்லாந்து வியாபாரி அதைப் பார்த்தார். தன் நாட்டில் விற்கலாம் என்று நினைத்தார். ஓட்டுநர் முன்னால்தான் உட்கார வேண்டும் என்று அந்நாட்டு அதிகாரிகள் மறுத்துவிட்டார்கள்.

மனிதர் விடவில்லை. 1947 ஏப்ரல் 23 அன்று தன் குறிப்பேட்டில் ஒரு படம் கிறுக்கினார். ரொட்டித் துண்டைப் போல ஒரு பெட்டி, அதன் முன்னால் ஓட்டுநர், பின்னால் எஞ்சின், இரண்டுக்கும் நடுவில் சுமை. 750 கிலோ என்ற எண்ணும் அந்தத் தாளில் இருக்கிறது. அந்தக் குறிப்பேடு இன்று ஆம்ஸ்டர்டாமின் ரைக்ஸ் அருங்காட்சியகத்தில், ரெம்பிராண்ட் ஓவியங்கள் இருக்கும் அதே நிறுவனத்தின் பாதுகாப்பில் இருக்கிறது. சரக்கு வண்டி ஒன்றுக்குக் கிடைத்த மரியாதையில் இது கொஞ்சம் அதிகப்படிதான்.

1948 தொடக்கத்தில் ஆலைக்குத் தலைமையேற்ற ஹைன்ரிச் நார்டாஃப் இந்த யோசனையைக் கையில் எடுத்தார். ஆல்ஃப்ரட் ஹேஸ்னர் தலைமையில் வேலை தொடங்கியது. இருந்த பணத்துக்கும் நேரத்துக்கும் பீட்டிலின் அடிச்சட்டத்தை அப்படியே எடுத்து மேலே ஒரு பெட்டியைக் கவிழ்த்துவிடலாம் என்பதுதான் முதல் எண்ணம். 1949 வசந்தத்தில் மாதிரி வண்டியைச் சுமையோடு இரவில் ஓட்டிப் பார்த்தார்கள். ஏப்ரல் தொடக்கத்துக்குள் அடிச்சட்டம் சுமை தாங்காமல் வளைந்துவிட்டது.

நல்லவேளை வளைந்தது என்றுதான் சொல்ல வேண்டும். அதற்குப் பிறகுதான் உடலும் சட்டமும் ஒன்றாகப் பற்றவைக்கப்பட்ட கட்டமைப்பு வந்தது. நீளவாக்கில் இரண்டு விட்டங்கள், அவற்றுக்குக் குறுக்கே சட்டங்கள், மேலே தரை. சுமையின் பாரம் முழு உடம்புக்கும் பகிர்ந்து போகும். இந்த வண்டியைச் சீர்செய்கிறவர்கள் அந்தக் குறுக்குச் சட்டங்களுக்கும், அங்கிருந்து பக்கவாட்டில் நீளும் கைகளுக்கும் அப்படி உயிரைக் கொடுப்பதன் காரணமும் இதுதான். ஜெர்மானியக் குளிர்காலத்தில் சாலையில் கொட்டும் உப்பு முதலில் அந்தக் கைகளையும் ஜாக் வைக்கும் இடங்களையும்தான் பிடிக்கும். மேலே வண்ணம் பளபளவென்று இருக்கும், கீழே ஒரு ஸ்குரூடிரைவரால் குத்தினால் உள்ளே போகும். விற்பனைக்கு வரும் பழைய வேனை வாங்க நினைப்பவர்களுக்கு அந்த மெக்கானிக் தரும் அறிவுரை ஒன்றுதான்: நல்ல உடுப்பை விட்டுவிட்டு அழுக்கு உடுப்போடு போ, கீழே படுத்துப் பார்.

காற்றின் விஷயத்திலும் அக்கறை காட்டினார்கள். தட்டையான முகத்தோடு இருந்த சிறு மாதிரியைப் பிரவுன்ஷ்வைக் தொழில்நுட்பக் கல்லூரியின் காற்றுச் சுரங்கத்தில் வைத்துப் பார்த்தபோது காற்றெதிர்ப்புக் குணகம் 0.75 அளவில் இருந்தது. முகத்தை வளைத்து, கண்ணாடியை இரண்டாகப் பிரித்து நடுவில் கூராக்கியதும் 0.44 அளவுக்கு இறங்கியது. இன்று அழகுக்காகக் கொண்டாடப்படும் அந்த முகம், 25 குதிரைத்திறன் மட்டுமே தரும் எஞ்சினின் பலவீனத்தை ஈடுகட்டப் பிறந்தது.

1950 மார்ச் 8 அன்று தொடர் உற்பத்தி தொடங்கியது, முதலில் நாளைக்குப் பத்து வண்டி. எஞ்சின் பீட்டிலின் 1131 சிசிதான். வேகம் மணிக்கு 80 கிலோமீட்டரை ஒட்டி. அவ்வளவு சிறிய எஞ்சின் முக்கால் டன் சரக்கை மேட்டில் இழுத்ததற்குக் காரணம் பின்சக்கரங்களின் அருகே இருந்த இரண்டு சிறிய கியர் பெட்டிகள். போர்க்கால ராணுவ வண்டியான கியூபல்வாகனிலிருந்து வந்த உத்தி அது. சுழற்சியைக் குறைத்து இழுவிசையைக் கூட்டும், வண்டியின் அடியையும் தரையிலிருந்து உயர்த்தும். அந்தப் பெட்டிகளுக்கென்று தனி எண்ணெய் உண்டு. மாற்ற மறந்தவர்களின் வண்டிகள் மேடு ஏறும்போதே முனகிக் காட்டிக்கொடுத்துவிடும்.

இந்த அமைப்பின் அசல் சாமர்த்தியம் எடைப் பங்கீட்டில் இருக்கிறது. எஞ்சின் பின் அச்சுக்குப் பின்னால், ஆட்கள் முன் அச்சுக்கு மேல், சரக்கு சரியாக இரண்டு அச்சுகளுக்கும் நடுவே. ஏற்றியபோதும் இறக்கியபோதும் முன்னும் பின்னும் பாரம் ஏறக்குறைய ஒரே விகிதத்தில் நின்றது. சாதாரண லாரியில் சரக்கை இறக்கிவிட்டால் பின்சக்கரம் பிடிப்பில்லாமல் துள்ளும். இங்கே அது இல்லை. காய்கறிக்காரரும் பால்காரரும் இந்த வண்டியை நம்பியதற்குப் பெரிய காரணம் இதுதான்.

முதல் ஆண்டுகளில் வண்டி புறாநீல நிறத்தில் வந்தது. அல்லது வெறும் பிரைமர் பூச்சோடு வந்தது. பிரைமரில் வாங்கியவர்கள் ஊர் ஓவியரிடம் கொடுத்துத் தங்கள் கடைப் பெயரை எழுதிக்கொண்டார்கள். போருக்குப் பிந்தைய ஜெர்மனியின் சிறு வியாபாரம் இந்தப் பக்கச் சுவர்களில்தான் தன் முகவரியை எழுதியது. பழைய வண்டியின் வண்ணத்தை ஒவ்வோர் அடுக்காகத் தேய்த்துக்கொண்டு போகும்போது கசாப்புக்கடையின் பெயருக்கு அடியில் சலவைக்கடையின் பெயர் வெளிவருவதுண்டு. சில சேகரிப்பாளர்கள் அந்த இடத்தில் தேய்ப்பதை நிறுத்தச் சொல்லிவிடுகிறார்கள். மங்கிய எழுத்தோடு நிற்கும் வண்டிக்குப் புதுப்பூச்சு வண்டியைவிட மதிப்பு கூடுகிறது.

இனி எஞ்சின். காற்றால் குளிரும் நான்கு சிலிண்டர், படுத்த வாக்கில் எதிரெதிராக. ரேடியேட்டர் இல்லை, அதனால் உறைவதற்கும் கொதிப்பதற்கும் நீர் இல்லை. வண்டியோடு அதைப் பிணைப்பவை நான்கே போல்ட் நட்டுகள். பெட்ரோல் குழாய், ஆக்சிலரேட்டர் கேபிள், ஹீட்டர் கேபிள்கள், சில ஒயர்கள் ஆகியவற்றைக் கழற்றிவிட்டு, கீழே ஜாக்கைக் கொடுத்துப் பின்னோக்கி இழுத்தால் எஞ்சின் கையோடு வந்துவிடும். பழகியவருக்கு அரை மணி நேர வேலை. எண்ணெய் மொத்தமே இரண்டரை லிட்டர். மாற்றிப்போடும் ஃபில்டர் கிடையாது, அடியில் ஆறு நட்டுகளால் பிடித்த தட்டுக்கு மேல் ஒரு கம்பிவலை மட்டும். எண்ணெய் மாற்றும்போதெல்லாம் அந்த வலையைக் கழற்றிக் கழுவ வேண்டும். வலையில் மினுமினுப்பாக உலோகத் துகள் தென்பட்டால் பேரிங் பேச ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம்.

விசிறி பெல்ட்டை இறுக்குவதற்கு இங்கே தள்ளு கம்பி எதுவும் இல்லை. புல்லி இரண்டு பாதியாகப் பிரியும். நடுவில் இருக்கும் மெல்லிய வாஷர்களில் ஒன்றை எடுத்தால் பெல்ட் இறுகும், சேர்த்தால் தளரும். எடுத்த வாஷரைப் பையில் போடக் கூடாது, புல்லியின் வெளிப்பக்கம் நட்டுக்குள்ளேயே மாட்டிவைக்க வேண்டும். அடுத்த பெல்ட் போடுகிறவருக்கு அது தேவைப்படும். பட்டறைக்குப் புதிதாக வரும் பையன்களுக்கு அந்த யாழ்ப்பாணத்துக்காரர் முதலில் கற்றுக்கொடுப்பது இதைத்தான். பெல்ட் அறுந்தால் டைனமோவோடு விசிறியும் நின்றுவிடும், சிவப்பு விளக்கு எரியும். அப்போதே வண்டியை ஓரம் கட்டாவிட்டால் எஞ்சின் வெந்துவிடும். "மற்றக் காருகளிலை அந்தச் சிவப்பு லைட், பற்றரி சார்ஜ் ஆகேல்லை எண்டு சொல்லும். இதிலை நிப்பாட்டு எண்டு சொல்லும்" என்பது அவர் பாடம்.

மூன்றாவது சிலிண்டர் தனிக் கதை. எண்ணெயைக் குளிர்விக்கும் சிறு கூடு விசிறி அறைக்குள்ளேயே அதற்கு நேர் மேலே நின்று வரும் காற்றை மறைத்தது. அதனால் மூன்றாம் சிலிண்டரின் எக்ஸாஸ்ட் வால்வு மற்றவற்றைவிடச் சூடாக ஓடியது. எழுபதுகளின் தொடக்கத்தில் அந்தக் கூட்டைப் பின்னால் தள்ளித் தனி அறை கட்டிய பிறகுதான் நிலைமை தேறியது. அதற்கு முந்தைய எஞ்சினில் வால்வு இடைவெளியைச் சோதிக்கும்போது அனுபவசாலிகளின் விரல் மூன்றில் கொஞ்சம் கூடுதல் நேரம் நிற்கும். அந்த அளவை எஞ்சின் முழுதும் ஆறியிருக்கும்போது மட்டுமே எடுக்க வேண்டும். அதனால் வண்டியை முந்தைய நாள் மாலையே விடச் சொல்வார்கள்.

எஞ்சினுக்கு இருந்த சௌகரியம் சரக்குக்கு இல்லை. முதல் வண்டிகளின் பின்புறம் முழுக்க ஒரு பெரிய எஞ்சின் கதவு. அதற்குள் எஞ்சினோடு உதிரிச் சக்கரமும் பெட்ரோல் டாங்கும் உட்கார்ந்திருந்தன. பின்பக்கமாக ஒரு மூட்டையைக்கூட ஏற்ற முடியாது, பக்கக் கதவு ஒன்றுதான் வழி. நோயாளியைப் படுக்கையோடு பக்கவாட்டில் நுழைப்பது எளிதல்ல என்பதால் 1951 இறுதியில் வந்த ஆம்புலன்ஸுக்குத்தான் முதன்முதலில் பின்கதவு கிடைத்தது. அடுத்து 1952இல் திறந்த தட்டு வண்டி. தட்டு சமமாக இருக்க வேண்டுமானால் எஞ்சினுக்கு மேல் எதுவும் நீட்டக் கூடாது. டாங்க் இடம் மாறியது, உதிரிச் சக்கரம் ஓட்டுநர் பகுதிக்குப் போனது. தட்டுக்குக் கீழே மிஞ்சிய வெற்றிடத்துக்குப் பூட்டோடு ஒரு கதவு போட்டுக் கருவிகள் வைக்கும் அறையாக்கினார்கள். தச்சர்கள் அதற்காகவே இந்த வண்டியை வாங்கினார்கள். 1955 மார்ச்சில் சாதாரண வேனுக்கும் பின்கதவு வந்தது, எஞ்சின் மூடி சிறுத்தது. அடுத்த ஆண்டு மார்ச் 8 அன்று, உற்பத்தி ஹானோவரில் கட்டிய புதிய ஆலைக்கு இடம் பெயர்ந்தது.

கோழிக்கறிக்கு இந்த வேனோடு என்ன சம்பந்தம்? இருக்கிறது. அறுபதுகளின் தொடக்கத்தில் மலிவான அமெரிக்கக் கோழிக்கறி ஐரோப்பாவுக்குள் வந்து குவிந்தது. ஐரோப்பியப் பொதுச் சந்தை நாடுகள் அதன்மீது வரியை உயர்த்தின. பதிலடியாக 1963 டிசம்பரில் அமெரிக்க அதிபர் லிண்டன் ஜான்சன் பிராந்தி, உருளைக்கிழங்கு மாவு ஆகியவற்றோடு இலகு சரக்கு வண்டிகளுக்கும் 25 சதவீத வரி போட்டார். ஜன்னலும் இருக்கையும் வைத்த பயணிகள் வேனுக்கு அந்த வரி இல்லை. ஜன்னல் இல்லாத சரக்கு வேனும் தட்டு வண்டியும் அமெரிக்கச் சந்தையில் அடிபட்டுப் போயின. அமெரிக்கா அறிந்த டிரான்ஸ்போர்ட்டர் ஜன்னல் வைத்ததாகவே ஆனது. அது பழசாகி, விலை விழுந்து, இளைஞர்கள் கைக்குப் போய், பூ வரையப்பட்டு, படங்களில் வந்து, உலகம் முழுவதற்கும் அதுவே இந்த வண்டியின் முகமாயிற்று. மேற்கூரை வரை ஜன்னல் வைத்த பழைய சாம்பா வகை வேன்கள் ஏலத்தில் ஒரு லட்சம் டாலரைத் தாண்டிப் போகின்றன. அதே ஆண்டுகளில் பிறந்து மாவு சுமந்த சகோதர வண்டிகளில் பெரும்பாலானவை பழைய இரும்புக்குப் போய்விட்டன. கோழி வரி மட்டும் இலகு சரக்கு வண்டிகள் மீது இன்றும் நிற்கிறது.

1967 ஆகஸ்டில் இரண்டாம் தலைமுறை. முன்கண்ணாடி ஒன்றாகி அகன்றது. சக்கரத்தருகே இருந்த கியர் பெட்டிகள் விடைபெற்றன, பின் அச்சுக்கு இரட்டை மூட்டு வந்து வளைவுகளில் வண்டி நிதானப்பட்டது. சரக்குக்காரர்களுக்கு முக்கியமானது தள்ளுகதவு. முந்தைய தலைமுறையில் கூடுதல் காசுக்குக் கிடைத்தது இப்போது எல்லா வேனுக்கும் உரிமையானது. குறுகிய தெருவில் சுவரை ஒட்டி நிறுத்திச் சரக்கு இறக்குகிறவருக்கு அது எவ்வளவு பெரிய விடுதலை என்பதை, இரட்டைக் கதவோடு மல்லுக்கட்டியவர்களிடம்தான் கேட்க வேண்டும்.

யாழ்ப்பாணத்துக்காரர் தொழில் பழகியது மூன்றாம் தலைமுறையில். 1979இல் வந்த அந்த வண்டி வெளியே பெட்டியாகத் தெரிந்தாலும் உள்ளே ஒரு நல்ல வேலை நடந்திருந்தது. எஞ்சினுக்கு மேல் நிமிர்ந்து நின்ற விசிறியை அதன் முனைக்கு மாற்றி உயரத்தைக் குறைத்தார்கள். பின்பக்கத் தரை கணிசமாக இறங்கியது. நாள் முழுதும் பெட்டி தூக்குகிறவரின் இடுப்புக்கு அந்த இறக்கம் தெரியும். பிறகு நீர் வந்தது. 1981இல் கோல்ஃப் காரின் டீசல் எஞ்சின், 1982இல் நீரால் குளிரும் படுத்த பெட்ரோல் எஞ்சின். எஞ்சின் பின்னால், ரேடியேட்டர் முன்னால், இரண்டையும் இணைத்து வண்டியின் அடி நெடுக ஓடும் குழாய்கள். அத்தனை நீளக் குழாயில் காற்று சிக்கிக்கொண்டால் எவ்வளவு நீர் ஊற்றினாலும் சூடு இறங்காது. முன்பக்கத்தை ஜாக்கில் உயர்த்தி, எஞ்சினை ஓடவிட்டு, ரேடியேட்டர் மேலிருக்கும் சிறு திருகைத் திறந்து, குமிழி நின்று ஒழுங்காக நீர் வழியும்வரை பொறுமையாக நிற்க வேண்டும். அவசரக்காரர்கள் செய்யக் கூடாத வேலை என்று அவர் அதைப் பையன்களிடம் விடுவதில்லை.

1990இல் எஞ்சின் முன்னால் போய்விட்டது. பின் எஞ்சினை வேதமாக நினைத்தவர்கள் துக்கம் கொண்டாடினார்கள். சரக்குக்காரர்கள் கொண்டாடவில்லை. பின்கதவிலிருந்து இருக்கை வரை ஒரே மட்டத்தில் தரை, இரண்டு வகை அச்சு இடைவெளி, விரும்பிய பெட்டியைக் கட்டிக்கொள்ள வெறும் சட்டம். நாற்பது ஆண்டு தாமதம் என்றுகூடச் சொல்லலாம். 1949இலேயே ஹாம்பர்கில் விடல் நிறுவனம் இதே பீட்டில் எஞ்சினை விலைக்கு வாங்கி, முன்னால் வைத்து, முன்சக்கரங்களை ஓட்டி, தாழ்ந்த தரையோடு ஒரு வேன் செய்தது. 1952இல் எஞ்சின் கிடைப்பது நின்றதும் வேறு எஞ்சின்களைத் தேடிப் போனது. அதன் பெயர் டெம்போ மட்டடார். அந்த நிறுவனத்தோடு கூட்டு வைத்து 1958இல் பிறந்த பஜாஜ் டெம்போ, பின்னாளில் அதே பெயரில் புனேயில் வேன் செய்தது. தமிழ்நாட்டில் பள்ளிப் பிள்ளைகளையும் கல்யாணக் கூட்டத்தையும் காய்கறி மூட்டையையும் ஏற்றிய மட்டடாரின் மூதாதை, வோல்ஃப்ஸ்பர்க் எஞ்சினில் ஓடிய போட்டியாளர்!

பிரேசில் இந்த மாற்றங்களைப் பின்தொடரவில்லை. சாவோ பெர்னார்டோ டோ காம்போவில் 1957 செப்டம்பரில் தொடங்கிய, அங்கே 'கோம்பி' எனப்பட்ட இதே வேனின் உற்பத்தி 2013 டிசம்பர் வரை ஓடியது. 2005 முடிவில் காற்றுக் குளிர்ச்சி போய் 1.4 லிட்டர் நீர் எஞ்சின் வந்ததும் மூக்கில் ஒரு கறுப்பு வலை ஒட்டிக்கொண்டது. மற்றபடி உடல் பழையதே. 2014 முதல் ஏர்பேக்கும் ஏ.பி.எஸ். பிரேக்கும் கட்டாயம் என்ற சட்டம்தான் அதை நிறுத்தியது. அந்த உடம்பில் அவற்றைப் பொருத்த வழியில்லை.

2003இலும் 2015இலும் வந்த தலைமுறைகள் நல்ல வண்டிகள்தாம், ஆனால் அமைப்பில் பெரிய புதுமை இல்லை. இப்போதைய டிரான்ஸ்போர்ட்டர் ஃபோர்டு டிரான்சிட் கஸ்டமோடு ஒரே அடித்தளத்தைப் பகிர்ந்துகொண்டு துருக்கியில் தயாராகிறது. பழையதை நினைவூட்டும் முகத்தோடு ஹானோவரில் தயாராவது மின்சார ஐ.டி. பஸ். அதன் மோட்டார் மறுபடி பின்னால்.

யாழ்ப்பாணத்து மெக்கானிக்கிடம் வண்டி விடுகிறவர்களில் தமிழ்க் கடைக்காரர்களும் உண்டு. அரிசி மூட்டையும் தேங்காய்ப் பெட்டியும் ஏற்றுகிற வேன்கள். மின்சார வேன் வாங்கலாமா என்று அவர்களில் ஒருவர் கேட்டபோது அவர் சொன்ன பதில்: "முதல்லை தரையை அளந்துபோட்டு வாங்கோ, அண்ணை." அளந்தால் விசித்திரம் புரியும். 1950இன் வேன் 4.1 மீட்டரை ஒட்டிய நீளத்துக்குள் சுமார் 4.5 கன மீட்டர் சரக்குக்கு இடம் வைத்திருந்தது. ஐ.டி. பஸ் சரக்கு வேனின் முதல் வகை 4.7 மீட்டர் நீளம், இடம் 3.9 கன மீட்டர். தரைக்கு அடியில் பேட்டரி, முன்னால் மோதலைத் தாங்கும் மூக்கு, சுவர்களுக்குள் கூடுதல் எஃகு என்று இடம் அவற்றுக்குப் போய்விட்டது. 1950இன் வண்டியில் மோதலைத் தாங்க முன்னால் இருந்தது ஒற்றைத் தகடும், அதற்குப் பின்னால் ஓட்டுநரின் முழங்கால்களும்தான். கடைக்காரர் அளந்து பார்த்துவிட்டு, பழகிய டீசல் வேன் ஒன்றையே இரண்டாம் கையாக வாங்கினார். அதன் தரைக்கு முதல் வேலையாகப் புதுப் பலகை போட வேண்டியிருந்தது.